மூணு கிலோ அம்மா

என் கடை நோட்டில் யாருடைய பெயரும் இருக்காது. பை தைக்கக் கொடுப்பவர்களிடம் பெயர் கேட்கிற தைரியம் எனக்கு இத்தனை வருஷத்தில் வரவில்லை. பையைப் பார்த்து நானே ஒரு அடையாளம் எழுதி வைத்துக்கொள்வேன். 'சிவப்பு ஜிப்', 'காலேஜ் நீலம்', 'வாரை எலி கடிச்சது' என்று இருக்கும். அந்த அம்மாவுக்கு நான் எழுதியது 'மூணு கிலோ'. மூன்று வருஷம் வந்துபோனார். அவர் பெயர் இன்றுவரை எனக்குத் தெரியாது.

தெற்கு மாசி வீதியிலிருந்து பிரியும் ஒரு சந்தில் என் கடை. ஒரு மிஷின், ஒரு மேஜை, ஒரு முக்காலி. முக்காலியில் ஆள் உட்கார்ந்துவிட்டால் நான் வெளியே வர முடியாது. பக்கத்துக் கடையில் பாய் ஜிப்பும் பக்கிளும் நாடாவும் விற்கிறார். இடையில் இருப்பது ஒரு பலகைத் தடுப்புதான். நான் பேசாத பேச்சையெல்லாம் எனக்கும் சேர்த்து அவர் பேசுவார்.

ஏழெட்டு வருஷத்துக்கு முன்னால், ஒரு மார்கழி மாதம், ஐம்பது வயது மதிக்கத்தக்க ஒரு அம்மா சந்து முனையில் ஸ்கூட்டியை நிறுத்திவிட்டு வந்தார். ஒரு கையில் புத்தம் புதிய முதுகுப் பை. விலைச் சீட்டைக்கூடப் பிரிக்கவில்லை. இன்னொரு கையில், சமையல்கட்டில் வைப்பார்களே, அந்தச் சின்ன எலக்ட்ரானிக் தராசு.

"அண்ணே, இதுல வேண்டாததை எல்லாம் வெட்டி எடுத்துருங்க."

பையை வாங்கி இரண்டு பக்கமும் புரட்டினேன். எங்கேயும் கிழிசல் இல்லை.

"எங்கேம்மா பிஞ்சிருக்கு?"

"எங்கயும் பிய்யல. கனமா இருக்கு."

தராசை என் மேஜையில் வைத்து, அதன்மேல் பையை நிறுத்தினார். ஆயிரத்து நூற்று எண்பது கிராம் காட்டியது. ஏதோ என் வீட்டுப் பிள்ளையின் மார்க்கைக் காட்டுவது போல என்னைப் பார்த்தார்.

"வெறும் பையே இம்புட்டு. இதுக்குள்ள நான் என்னத்த வைக்கிறது?"

என் தொழிலில் இதுவரை யாரும் அப்படிக் கேட்டதில்லை. மதுரையில் பை வாங்க வருகிற ஆள் முதலில் அதைத் தூக்கித்தான் பார்ப்பார். லேசாக இருந்தால் "இது உழைக்காதுப்பா" என்று வைத்துவிட்டுப் போய்விடுவார். அதற்காகவே உள்ளே அட்டை வைப்போம், பஞ்சு வைப்போம், இரட்டைத் துணி வைத்துத் தைப்போம். நான் படித்ததெல்லாம் சேர்க்கிற வேலை. இந்த அம்மா எடுக்கிற வேலை கேட்டார்.

முக்காலியில் உட்கார்ந்து ஒவ்வொன்றாகத் தொட்டுக் காட்டினார். நெஞ்சுக்குக் குறுக்கே போகிற வார், முதுகுப் பக்கத்தில் இருந்த தகடு, உள்ளறை மூன்று, கம்பெனி பேர் போட்ட ரப்பர் வில்லை. தொடும்போதெல்லாம் ஒரே கேள்வி.

"இது இல்லேன்னா என்ன ஆகும்?"

"ஒண்ணும் ஆகாதும்மா."

"வெட்டுங்க. இது?"

"இதுவும் ஒண்ணும் ஆகாது."

"வெட்டுங்க. இது இல்லேன்னா?"

"தோள் வார் அறுந்துரும்மா."

"அப்ப அதை விட்டுருங்க."

பலகைக்கு அந்தப் பக்கமிருந்து பாய் எட்டிப் பார்த்தார். "மாப்ள, ஒரு பக்கிளை விக்கிறதுக்கு நான் நாய் படாத பாடு படுறேன். நீ நாலு பக்கிளை வெட்டிக் குப்பையில போடுற. அந்தம்மா இன்னும் ரெண்டு தடவை வந்தா நான் கடையச் சாத்திட்டுப் போக வேண்டியதுதான்."

"உங்க கடைக்கும் வாரேன் பாய்," என்றார் அந்த அம்மா, திரும்பிப் பார்க்காமலே. "உங்க மேஜை மேலயும் பாதி வேண்டாததுதான் இருக்கு."

அவர் போன பிறகுதான் அந்த முகத்தை எங்கே பார்த்தேன் என்று ஞாபகம் வந்தது. தபால் ஆபீஸ் பார்சல் கவுண்டரில் இருப்பவர். கோயம்புத்தூரில் நர்சிங் படித்துக்கொண்டிருந்த என் மகளுக்கு ஒருமுறை முறுக்கும் ஊறுகாயும் அனுப்பப் போயிருந்தேன். டப்பாவைக் கையில் வாங்கியதுமே எடையைச் சொன்னார். பிறகுதான் தராசில் வைத்தார். சொன்னது சரியாக இருந்தது. "பத்து கிராம் கூடுது. அடுத்த ரேட்டுக்குப் போயிரும்," என்று சொல்லி, கத்தரிக்கோலை எடுத்து, அட்டைப் பெட்டியின் உள்மடிப்பு இரண்டையும் நறுக்கென்று வெட்டிப் போட்டார். "இந்த ரெண்டு காதும் உங்க மகளுக்கு எதுக்கு?" பின்னால் வரிசையில் நின்றவர்கள் முணுமுணுத்தார்கள். அவர் காதில் வாங்கவே இல்லை. நன்றி சொல்ல நினைத்துச் சொல்லாமலே வந்துவிட்டேன்.

எதையும் சும்மா கடந்து போக அவரால் முடியாது. இரண்டாம் முறை வந்தபோது மேஜையில் கிடந்த என் சாவிக்கொத்தைக் கையில் எடுத்து ஏந்திப் பார்த்தார். "முந்நூறு கிராம் இருக்கும். எம்புட்டு சாவி?"

எண்ணினேன். பதினேழு.

"எதெது எந்தப் பூட்டுக்கு?"

எனக்கு ஐந்துதான் தெரிந்தது. மீதிப் பன்னிரண்டையும் எத்தனை வருஷமாக இடுப்பில் செருகிக்கொண்டு அலைகிறேன் என்று யோசித்தபோது வெட்கமாக இருந்தது. அன்றைக்கு வீட்டுக்குப் போய்ப் பூட்டு பூட்டாகப் போட்டுப் பார்த்தேன். ஒன்றுக்கும் பொருந்தவில்லை. மறுநாள் ஐந்து சாவியோடு நடந்தபோது வேட்டி இடுப்பில் நிற்காத மாதிரி இருந்தது. இரண்டு நாளில் பழகிவிட்டது.

வெட்டிய பிறகு அந்தப் பை எண்ணூறு கிராமுக்கு வந்திருந்தது. நான் பெருமையாகத்தான் கொடுத்தேன். அவர் முகம் விழுந்துவிட்டது.

"இன்னும் பத்தாதுண்ணே."

"இதுக்கு மேல வெட்டுனா பையே இருக்காதும்மா," என்றேன். அதுவே எனக்குப் பெரிய பேச்சு.

அப்போதுதான் சொன்னார். பார்சல் எடை சொல்கிற அதே குரலில் சொன்னார். போன வருஷத்துக்கு முந்தின வருஷம் மார்பில் ஒரு கட்டி. எடுத்துவிட்டார்கள். கையிடுக்கிலும் சேர்த்து எடுத்திருக்கிறார்கள். தோளில் மொத்தமாக மூன்று கிலோவுக்கு மேல் ஏற்ற வேண்டாம் என்று டாக்டர் சொல்லியிருக்கிறார்.

நான் மிஷின் ஊசியையே பார்த்துக்கொண்டிருந்தேன். தலை நிமிரவில்லை.

"அதுக்கென்னண்ணே, மூணு கிலோ கொஞ்சமா? நான் பாக்காத பார்சலா?" என்று அவரே என்னைத் தேற்றினார்.

அவர் குடும்பத்தில் ஒவ்வொரு தை அமாவாசைக்கும் சதுரகிரி மலை ஏறுவார்கள். கே.கே. நகரிலிருந்து வேன் வைத்து, திருமங்கலம் வழியாகத் தாணிப்பாறை அடிவாரத்துக்குப் போய், விடிந்ததும் ஏறத் தொடங்கி, சாயங்காலத்துக்குள் இறங்கிவிட வேண்டும். ஆபரேஷனுக்குப் பிறகு, போன தை அமாவாசைக்கும் இவர் போயிருக்கிறார். அடிவாரத்திலேயே அவருடைய நாத்தனார் பையைப் பிடுங்கிக்கொண்டார். கணவரின் அக்காள் அவர். அவரிடமிருந்து மைத்துனர், அவரிடமிருந்து அவர் மகன் என்று பை கை மாறி மாறிப் போயிருக்கிறது.

"பாசத்துலதான் தூக்குனாக. நான் குறை சொல்லல. ஆனா என் தண்ணி என்னைய விட்டுட்டு மேல போயிருச்சுண்ணே. மாத்திரையும் போயிருச்சு. நான் நின்னு நின்னு ஏறுற ஆளு. அவுக காலுக்கு என் காலு ஈடு குடுக்குமா? பாதி மலையில, இரட்டை லிங்கம் பக்கத்துல ஒரு பாறையில உக்காந்துட்டேன். நாக்கு ஒட்டிக்கிருச்சு. யாரோ புண்ணியவான் தண்ணி குடுத்தாரு. அதோட கீழ கூட்டியாந்துட்டாக."

இந்த வருஷம் நாத்தனார் கறாராகச் சொல்லிவிட்டார். "நீ அடிவாரத்துலயே இரு. நாங்க உனக்கும் சேத்துக் கும்பிட்டு வந்துர்றோம்." இவர் விடவில்லை. கடைசியில் இரண்டு பேருக்கும் ஒரு பேச்சு முடிந்திருக்கிறது. தன் பையைத் தானே உச்சிவரை சுமந்துகொண்டு போனால், இனி யாரும் இவரைத் தடுக்கக் கூடாது. ஒரு இடத்திலாவது வேறு ஆள் அந்தப் பையைத் தூக்க வேண்டி வந்தால், அடுத்த வருஷத்திலிருந்து இவர் மலைக்கே வரக் கூடாது.

"மூணு கிலோவுக்குள்ள என் பை இருக்கணும். அம்புட்டுதான்," என்றார்.

அதற்குப் பிறகு எனக்கு அது வேறு வேலையாகிவிட்டது. மற்ற பைகளை ஓரமாக வைத்துவிட்டேன். சாயங்காலம் ஆபீஸ் விட்டதும் அவர் சாமானோடு வருவார். என் மேஜையில் தராசை வைத்து ஒவ்வொன்றாக நிறுப்போம். பேரீச்சம்பழத்தில் கொட்டையை எடுத்துவிட்டுக் கொண்டுவருவார். மாத்திரை அட்டையில் அன்றைக்கு வேண்டிய இரண்டை மட்டும் நறுக்கி எடுப்பார். ஒருநாள் ஈரிழைத் துண்டைச் சரிபாதியாக வெட்டினார்.

"என்னம்மா துண்டைப் போய்…"

"எனக்கு ஒரு மூஞ்சிதானண்ணே இருக்கு."

போன் வேண்டாம் என்றார். "என்னையக் கூப்பிடுற ஆளெல்லாம் என்கூடத்தான் வாராக." கண்ணாடிக் கூட்டை வீட்டிலேயே விட்டுவிட்டு, கண்ணாடியைச் சால்வைக்குள் சுற்றிக்கொள்வதாகச் சொன்னார். தண்ணீர்தான் பெரிய பிரச்சினை. ஒரு லிட்டருக்கு மேல் வைக்க இடமில்லை. அதற்கும் ஒரு வழி வைத்திருந்தார். வேனிலிருந்து இறங்கியதும் வயிறு முட்டக் குடித்துவிட்டு ஏறுவது. "வயித்துல இருக்குற தண்ணி தோளுக்குத் தெரியாதுல்ல?"

பாய் கேட்டுக்கொண்டே இருப்பார். "ஏம்மா, அப்படியே பல்லையும் கழட்டி வச்சுட்டுப் போயிருங்க. அது ஒரு அம்பது கிராம் வரும்."

"கட்டுன பல்லா இருந்தா கழட்டியிருப்பேன் பாய். எல்லாம் சொந்தப் பல்லு."

எவ்வளவு குறைத்தும், சாமான் மட்டும் இரண்டாயிரத்து எண்ணூற்று நாற்பது கிராமில் வந்து நின்றது. அதற்கு மேல் இறங்கவில்லை. பை எண்ணூறு. எப்படிக் கூட்டினாலும் அறுநூறு கிராமுக்கு மேல் அதிகம். அன்றைக்கு அவர் முக்காலியில் உட்கார்ந்து சாமானை ஒவ்வொன்றாக எடுத்து மறுபடி பார்த்தார். தராசில் தெரிந்த எண் தானாக அணைந்தது.

"சால்வையை விட்டுர்றேன்," என்றார்.

மார்கழிக் குளிர் போகாத தையில், விடியற்காலையில் மலையடிவாரத்தில் சால்வை இல்லாமல் எப்படி என்று எனக்குக் கவலையாக இருந்தது. கேட்கவில்லை.

அன்றைக்கு வீட்டில் என் மனைவி புதிதாக வாங்கிய அரிசியைத் தகர டின்னில் கொட்டிவிட்டுச் சாக்கை உதறினாள். மடித்து வைக்கச் சொல்லி என்னிடம் நீட்டினாள். வாங்கியபோது கையில் ஒன்றும் இல்லாத மாதிரி இருந்தது. இருபத்தைந்து கிலோ அரிசியை ஆலையிலிருந்து கடைக்கும், கடையிலிருந்து வீட்டுக்கும் சுமந்துவந்த சாக்கு. பிளாஸ்டிக் இழையில் நெய்தது. முன்பக்கம் வழவழவென்று ஒரு பச்சைக் கிளி படம், நெற்கதிரைக் கொத்துகிற மாதிரி. தண்ணீர் பட்டால் வழிந்து ஓடிவிடும்.

எனக்கு வழி தெரிந்துவிட்டது. சொல்வதற்குத்தான் வாய் வரவில்லை. கவர்மெண்ட் உத்தியோகத்தில் இருக்கிற அம்மா. அவரிடம் போய் அரிசிச் சாக்கை முதுகில் மாட்டிக்கொள்ளுங்கள் என்று எப்படிச் சொல்வது? மூன்று நாள் அவர் வந்தார், போனார். மூன்று நாளும் சாக்கு என் மேஜைக்கு அடியில் கிடந்தது.

பாய்தான் கண்டுபிடித்தார். "என்ன மாப்ள, ரேஷன் கடை வைக்கப் போறியா?" விஷயத்தைச் சொன்னேன். கொஞ்சம் யோசித்தார். எழுந்துபோய், அவரிடம் இருந்ததிலேயே லேசான நாடாவை ஐந்து முழம் வெட்டிக்கொண்டு வந்து என் மடியில் போட்டார். "சொல்ல வரலேன்னா தச்சு வை. பை பேசிக்கிரும்."

அந்தச் சாக்கைத் தைப்பது லேசு இல்லை. வெட்டின ஓரம் இழை இழையாகப் பிரிந்து கொட்டும். மெழுகுவர்த்திச் சுடரில் பட்டும் படாமலும் காட்டி, ஓரத்தை உருக்கி ஒட்டவைத்தேன். நெருக்கமாகத் தைத்தால் ஊசி போன வழியே தாள் மாதிரிக் கிழியும். அகலத் தையல்தான் போட வேண்டும். என் கை நெருக்கத் தையலுக்குப் பழகின கை. பிடித்துப் பிடித்து ஓட்டினேன். கிளி படத்தை உள்பக்கமாகத் திருப்பலாமா என்று நினைத்தேன். ஆனால் வழவழப்பு வெளியே இருந்தால்தான் பனி, ஈரம் உள்ளே இறங்காது. கிளியை வெளியே விட்டுவிட்டேன்.

அடுத்த நாள் அவர் வந்ததும் ஒன்றும் சொல்லாமல் பையைத் தராசின்மேல் வைத்தேன். நூற்று அறுபது.

அவர் எண்ணைப் பார்த்தார். பையைப் பார்த்தார். கிளியைப் பார்த்தார். பிறகு சிரிக்க ஆரம்பித்தார். சந்தில் போனவர்கள் நின்று பார்க்கிற அளவுக்குச் சிரித்தார். அவர் அப்படிச் சிரித்து நான் பார்த்ததில்லை.

"இம்புட்டு நாளா இதை எங்கண்ணே ஒளிச்சு வச்சிருந்தீக?"

"மேஜைக்கு அடியிலம்மா. சாக்குன்னு தப்பா நினைச்சுருவீகளோன்னு…"

"இருபத்தஞ்சு கிலோவத் தாங்குன பை. என் மூணு கிலோவத் தாங்காதா?"

இரண்டாயிரத்து எண்ணூற்று நாற்பதும் நூற்று அறுபதும் சரியாக மூவாயிரம். சால்வை தப்பித்தது.

வாரை இன்னொரு தடவை அழுத்தித் தைத்து மறுநாள் தருகிறேன் என்று பையை வாங்கி வைத்துக்கொண்டேன். அதில்தான் நான் ஒரு தப்பு செய்தேன். புதிதாகத் தைத்த பையை வெறுமையாகக் கொடுக்கக் கூடாது என்பது எங்கள் கடை வழக்கம். அடி மூலையில், மடிப்புக்குள், ஒரு விரலி மஞ்சளை வைத்து மூடித் தைத்துவிடுவேன். யாரிடமும் சொல்வதில்லை. இத்தனை வருஷத்தில் யாரும் கண்டுபிடித்ததும் இல்லை. அந்த அம்மாவின் பையில் வைக்காமல் விட எனக்கு மனம் வரவில்லை.

மலைக்குக் கிளம்புவதற்கு முதல் நாள், எல்லாவற்றையும் அடுக்கிக்கொண்டு கடைசியாக நிறுக்க வந்தார். மூவாயிரத்து எட்டு காட்டியது.

"எட்டு கிராம் எங்கருந்துண்ணே வந்துச்சு?"

நான் மிஷினுக்கு எண்ணெய் விட ஆரம்பித்தேன். அவர் சாமானை எல்லாம் வெளியே எடுத்தார். வெறும் பையை மடியில் வைத்து, தபால் பார்சலில் எதையாவது ஒளித்துவைத்திருக்கிறார்களா என்று தடவுகிற மாதிரி ஓரம் ஓரமாகத் தடவிக்கொண்டே வந்தார். மூலையில் விரல் நின்றது.

"இது என்ன?"

"மஞ்சள்மா."

"எதுக்கு?"

"வெறும் பையா கொடுக்கக் கூடாதும்மா. நல்லதுக்கு."

இது இல்லேன்னா என்ன ஆகும் என்று கேட்பார் என எதிர்பார்த்தேன். எனக்குப் பதில் தெரியாது. அவர் கேட்கவில்லை. கைப்பையிலிருந்து கத்தரிக்கோலை எடுத்து, இரண்டு தையலை மட்டும் பிரித்து, மஞ்சளை வெளியே எடுத்தார். முகர்ந்து பார்த்தார். பிறகு மேஜை விளிம்பில் வைத்துக் கத்தரிக்கோல் பிடியால் ஒரு தட்டு தட்டினார். நகத்தளவு ஒரு துண்டு தெறித்தது. அதைத் திரும்ப உள்ளே வைத்து என்னிடம் நீட்டினார்.

"இம்புட்டு போதும். தச்சுருங்க." மீதியை என் மேஜையில் வைத்தார். "அதுக்குப் பதிலா ஒரு பேரீச்சம்பழத்தை எடுத்துர்றேன்."

எடுத்த பழத்தை அங்கேயே வாயில் போட்டுக்கொண்டார்.

அமாவாசை அன்று எனக்கு வேலை ஓடவில்லை. ஒவ்வொரு பைக்கும் இரட்டைத் தையல் போடும்போதெல்லாம் மலையில் ஏறிக்கொண்டிருக்கும் அந்த அகலத் தையல் ஞாபகத்துக்கு வந்தது. வார் அறுந்தால் யாராவது பையைத் தூக்கித்தான் ஆக வேண்டும். அதோடு அவருக்கு மலை போய்விடும். "சும்மா இரு மாப்ள, நீ தச்சது உன்னைய விட உறுதி," என்றார் பாய். ஆனால் அவரும் மத்தியானத் தொழுகைக்குப் போய்விட்டு வந்ததும் முதலில் கேட்டது, "இந்நேரம் உச்சிக்குப் போயிருக்குமா அந்தம்மா?" என்றுதான்.

மூன்றாம் நாள் சாயங்காலம் வந்தார். பையை மேஜையில் வைத்தார். நடையில் கொஞ்சம் நொண்டல் இருந்தது. உட்கார்ந்ததும் சொன்னார்.

"உங்க கிளியால பெரிய வம்பாப் போச்சுண்ணே."

வாரைத்தான் முதலில் இழுத்துப் பார்த்தேன். "வார் அறுந்துருச்சாம்மா?"

"வாருக்கு ஒண்ணும் ஆகல. நீங்களும் நானும் ஒண்ணை யோசிக்காம விட்டுட்டோம். மலைக்கு அரிசிப் பையோட போனா பாக்குறவுக என்ன நினைப்பாக?"

அப்போதுதான் எனக்கும் உறைத்தது. அன்னதானம்! மேலே அன்னதானத்துக்கு அரிசி சுமந்துகொண்டு போவதை வேண்டுதலாகவே வைத்திருக்கிறவர்கள் உண்டு. வழியில் யார் அரிசி சுமந்தாலும் கூடக் கொஞ்ச தூரம் சுமந்து புண்ணியம் தேடிக்கொள்வார்கள். இது ஊருக்கே தெரியும். கிளியைப் பார்த்துப் பார்த்துத் தைத்த எனக்கு மட்டும் தோன்றவில்லை.

அடிவாரத்திலேயே ஒருவர் "அரிசியாம்மா?" என்று வழிவிட்டாராம். கொஞ்ச தூரத்தில் ஒரு பெரியவர் பின்னாலிருந்து பையைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டாராம். ஒரு பெண் "நான் கொஞ்ச தூரம் தூக்கட்டுமாக்கா?" என்று கேட்டு, இவர் மாட்டேன் என்றதும், கூட வந்தவளிடம் "புண்ணியத்தை ஒத்தையாளா மூட்டை கட்டிக்கிட்டுப் போகுது பாரு" என்று சத்தமாகவே சொன்னாளாம். நாத்தனார் பின்னால் சிரித்துக்கொண்டே வந்தாராம்.

"போன தடவை நான் உக்காந்துபோன அதே பாறைண்ணே. இரட்டை லிங்கம் பக்கத்துல. தண்ணி குடிக்கலாம்னு பையக் கழட்டிப் பக்கத்துல வச்சேன். ஒரு வாட்டசாட்டமான பையன், துண்டைத் தலையில கட்டிக்கிட்டு ஓட்டமும் நடையுமா வந்தான். 'ஆத்தா, நீங்க மெதுவா வாங்க, நான் மேல சேத்துர்றேன்'னு பையத் தூக்கித் தோள்ல போட்டுட்டான். 'அரோகரா'ன்னு கத்திக்கிட்டே கிளம்பிட்டான்."

"ஐயோ," என்றார் பாய், பலகைக்கு மேலே தலையை நீட்டி.

"நாலு எட்டு போயிருப்பான். நின்னான். பைய ஒரு ஆட்டு ஆட்டிப் பாத்தான். 'என்னத்தா, அரிசியக் காணோம்?' 'அதுல அரிசி இல்லப்பா. என் துண்டும் தண்ணியும்தான்.' அவன் முகத்தைப் பாக்கணுமே. 'அப்ப உங்க பைய நீங்களே தூக்குங்க. இதுல எனக்கு என்ன புண்ணியம்?' திரும்பி வந்து அவனே என் முதுகுல மாட்டிவிட்டுட்டுப் போயிட்டான்."

"நாத்தனார் சும்மா விட்டாங்களா?" என்றார் பாய்.

"விடுவாளா? 'நாலு எட்டு அவன் தூக்கிட்டான்ல, போச்சு உன் பேச்சு'ன்னா. நான் சொன்னேன், 'அவன் மேல கொண்டுபோனதை அவனே கீழ கொண்டாந்து வச்சுட்டான் மதினி. அந்த நாலு எட்டையும் நான்தான இப்ப ஏறப் போறேன்'னு. எல்லாரும் சிரிச்சுட்டாக. அவளும் சிரிச்சுட்டா."

உச்சிக்குப் போய்விட்டார். கடைசியாகத்தான் போய்ச் சேர்ந்தாராம். ஆனால் தண்ணீரும் மாத்திரையும் அவர் முதுகிலேயே இருந்தன.

"இறங்கையில ஒண்ணு பாத்தேண்ணே. தண்ணி தீர்ந்துபோச்சு. சோறு தீர்ந்துபோச்சு. சால்வையை உடம்புல சுத்திட்டேன். பை ஒரு கிலோ தேறாது. ரெண்டு கிலோவுக்கு எடம் இருக்கு. மதினிக்கு முட்டி வலி, ஒரு கையால பாறையப் பிடிச்சுப் பிடிச்சு இறங்குறா. அவ பையத் திறந்து, இது இல்லேன்னா என்ன ஆகும், இது இல்லேன்னா என்ன ஆகும்னு கேட்டுக் கேட்டு, ரெண்டு கிலோவ எடுத்து என் பையில போட்டுக்கிட்டேன்."

"ஒண்ணும் சொல்லலையா?" என்று நான் கேட்டேன். நானாகக் கேட்ட கேள்வி அது.

"ஒண்ணுதான் சொன்னா. 'நீ முன்னால நட. நான் கிளியப் பாத்துக்கிட்டே வாரேன்'னா."

பாய் டீ சொல்லியிருந்தார். குடித்தோம். அதற்குப் பிறகு இரண்டு வருஷம் அதே பையோடு அவர் மலைக்குப் போனார். பிறகு மாற்றலாகி வேறு ஊருக்குப் போய்விட்டதாகத் தபால் ஆபீஸில் சொன்னார்கள். மார்கழி வந்தால் இன்றும் நாலைந்து பேர் அரிசிச் சாக்கைச் சுருட்டிக்கொண்டு என் கடைக்கு வருகிறார்கள். யார் சொல்லி வருகிறார்கள் என்று நான் கேட்பதில்லை. படத்தை உள்பக்கமாகத் திருப்பித் தைத்துக் கொடுக்கிறேன். மஞ்சளும் நகத்தளவுதான் வைக்கிறேன்.

அன்றைக்கு டீ குடித்து முடித்ததும் அந்த அம்மாவிடமும் அதைத்தான் சொன்னேன். "பையக் கொடுத்துட்டுப் போங்கம்மா. கிளியை உள்ள தள்ளித் தச்சுத் தாரேன்."

"கிளிய ஒண்ணும் பண்ணாதீக. வேற வேலை இருக்கு." பையின் வெளிப்பக்கத்தைத் தொட்டுக் காட்டினார். "இந்த இடத்துல நாடாவுல ஒரு வளையம் தச்சுக் குடுங்க. அடுத்த வருஷம் இறங்கையில மதினியோட தண்ணி பாட்டிலைத் தொங்கவிடணும்."

நான் அவரை நிமிர்ந்து பார்த்தேன். என் கடைக்கு வந்து அவர் ஒன்றைச் சேர்க்கச் சொன்னது அதுதான் முதல் தடவை.

பாய் ஒரு சாண் நாடாவை நீட்டினார். மடித்துத் தைத்து, பையைத் தராசின்மேல் வைத்தேன். எண்ணைப் பார்த்ததும் எனக்கே சங்கடமாகிவிட்டது.

"ஒம்பது கிராம் கூடுதும்மா."

அவர் தராசைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. பையை எடுத்து, இரண்டு தோளிலும் மாட்டி, வளையத்தை ஒரு விரலால் இழுத்துப் பார்த்தார்.

"இருக்கட்டும்," என்றார்.